பை எந்தப் பக்கம் திறக்கிறது? ஆரணியின் இளம் டிசைன் கலைஞருக்கு ஒரு கடிதம்

ஆரணியில் பட்டுச் சேலைக்கு டிசைன் வரையப் பழகும் இளம் கலைஞருக்கு,

கங்காரு போன்ற பைப்பாலூட்டிகளைச் சேலையில் வரைய எண்ணினால், பெயர்க் குழப்பத்திலிருந்து தொடங்க வேண்டும். பெருச்சாளி ஆரணிக்குப் புதியதல்ல. வீட்டுப் பின்கட்டிலும் வயலோரத்திலும் வளை தோண்டும். தெலுங்கில் அதற்குப் பந்திக்கொக்கு என்று பெயர். பந்தி என்றால் பன்றி, கொக்கு என்றால் எலி. அந்தச் சொல் ஆங்கிலத்துக்குப் போய் பாண்டிகூட் ஆனது. பிறகு ஆஸ்திரேலியாவில் குடியேறிய ஆங்கிலேயர், அங்கே பார்த்த நீள்மூக்குப் பிராணி ஒன்றுக்கும் அதே பெயரைச் சூட்டிவிட்டார்கள். நம் பெருச்சாளி கொறிவிலங்கு, அங்குள்ளது பைப்பாலூட்டி. இரண்டுக்கும் உறவு இல்லை. பெயரை மட்டும் நம்பிப் படம் தேடுபவர், பைப்பாலூட்டி என்று எண்ணிப் பெருச்சாளியை முந்தியில் ஏற்றிவிடக்கூடும். வேறுபாடு வாயிலும் காலிலும் தெரியும். பெருச்சாளிக்கு உளி போன்ற கொறிக்கும் முன்பற்கள். ஆஸ்திரேலியப் பாண்டிகூட்டுக்குச் சிறு பற்களின் நீண்ட வரிசை. பாண்டிகூட்டின் பின்காலில் இரண்டாம், மூன்றாம் விரல்கள் தோலால் ஒட்டியிருக்கும், நகங்கள் மட்டும் இரண்டாகப் பிரிந்து நிற்கும். மயிர் கோத அதுதான் சீப்பு. கங்காருவின் காலும் இப்படியே.

பைப்பாலூட்டிகளில் முந்நூறுக்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. பெரும்பகுதி ஆஸ்திரேலியாவிலும் நியூகினியிலும்; நூற்றுக்கு மேற்பட்டவை அமெரிக்கக் கண்டங்களில். இந்தியக் காடுகளில் ஒன்றுகூடக் கிடையாது. 2022 ஏப்ரலில் மேற்கு வங்கத்தில் சிலிகுரிக்கு அருகே மீட்கப்பட்ட கங்காருக்கள் கடத்தி வரப்பட்டவை என்றே கருதப்பட்டது. தென் அமெரிக்காவிலிருந்து அண்டார்டிகா வழியாகப் பைப்பாலூட்டிகள் ஆஸ்திரேலியாவை அடைந்தன. இந்திய நிலப்பரப்போ அதற்கு வெகு முன்பே பிரிந்து வடக்கே நகர்ந்துவிட்டது. அந்த அண்டார்டிகாப் பாதைக்குச் சான்றாக 1982இல் அண்டார்டிகாவின் சீமோர் தீவில் பைப்பாலூட்டியின் புதைபடிவம் கிடைத்தது. சிலி, அர்ஜென்டினா காடுகளில் வாழும் மோனிட்டோ டெல் மோந்தே என்ற சுண்டெலி அளவுப் பிராணிக்கு, பக்கத்திலிருக்கும் அமெரிக்க இனங்களைவிட ஆஸ்திரேலிய இனங்களே நெருங்கிய சொந்தம்.

பைப்பாலூட்டிகளின் குட்டி முற்றாமலே பிறக்கிறது. செங்கங்காருவின் குட்டி பிறக்கும்போது ஒரு கிராம்கூட இராது. முன்கால்களால் தானே ஏறிப் பைக்குள் போய்ப் பால்காம்பைக் கவ்விக்கொள்கிறது. எல்லாவற்றுக்கும் ஒரே பையை வரைவதுதான் பொதுவான பிழை. நிமிர்ந்து தாவும் கங்காருவுக்குப் பை மேல்நோக்கித் திறக்கும். மண் தோண்டும் பாண்டிகூட்டுக்கும் வோம்பாட்டுக்கும் பின்நோக்கித் திறக்கும். இல்லையென்றால் தோண்டும் மண் குட்டியின் மேல் விழும். தென், நடு அமெரிக்க ஆறுகளில் நீந்தும் யாபோக்கின் பை, தண்ணீர் புகாமல் இறுக மூடிக்கொள்ளும். அதில் ஆணுக்கும் பை உண்டு. கறையான் தின்னும் நம்பாட்டுக்குப் பையே கிடையாது. குட்டிகள் தாயின் வயிற்று மயிருக்குள் காம்பைப் பற்றியபடி தொங்கும். ஆகவே விலங்கு என்ன வேலை செய்கிறது என்று தெரியாமல் கிராஃப் தாளில் முதல் கட்டத்தை நிரப்பக் கூடாது.

கங்காருவையும் கோலாவையும் எல்லாரும் வரைந்தாகிவிட்டது. பட்டுக்கு ஏற்றவை வேறு. மேற்கு ஆஸ்திரேலியாவின் நம்பாட் கறையானையே உண்டு வாழ்வது, ஒரு நாளைக்குச் சுமார் 20,000 வரை. செம்பழுப்பு முதுகில் குறுக்கே வெள்ளைக் கோடுகள். முன்தோளில் மங்கி, இடுப்புப் பக்கம் போகப் போகப் பளிச்சிடும். அரக்கு நிறச் சேலை உடலில் புட்டாவாக அது எடுப்பாக நிற்கும். கோடுகளைத் தோளிலிருந்தே ஒரே அழுத்தத்தில் போட்டால் நம்பாட் போய்விடும்.

அதைவிட அரிதாகவே கண்ணில் படுவது ஆஸ்திரேலியப் பாலைமணலுக்குள் வாழும் பைத் துன்னெலி. பட்டுப்போன்ற மயிர், வெண்மஞ்சளிலிருந்து பொன்னிறம் வரை. கண்கள் தோலுக்கடியில் மறைந்து பயனற்றுப்போனவை, புறக்காது இல்லை, மூக்கின் மேல் தடித்த கவசம், முன்காலில் மண்வெட்டி போன்ற இரண்டு பெருநகங்கள். ஜரிகைக்கு இதைவிடப் பொருந்திய உடம்பு வேறில்லை. ஆனால் முகத்தில் ஒரு கண் வைத்துவிட்டால் அது வேறு விலங்கு. அழகுக்காகக் கண் வைக்கச் சொல்லும் கடைக்காரருக்கு இணங்காமல் இருப்பது நல்லது.

டாஸ்மேனியாவில் வாழ்ந்து அழிந்துபோன தைலசின் என்ற பைப்பாலூட்டியை வரைபவருக்கு முதுகுக் கோடுகளே அடையாளம். அவை நடுமுதுகில் தொடங்கி வாலடியில் முடியும். அறியப்பட்ட கடைசித் தைலசின் 1936 செப்டம்பர் 7 அன்று ஹோபார்ட் விலங்குக்காட்சியகத்தில் இறந்தது. உயிரோடு பார்த்துத் திருத்திக்கொள்ள வழியில்லாததால், புகைப்படத்தையும் அருங்காட்சியகத் தோலையும் ஒப்பிட்டே கோடுகளை எண்ண வேண்டும்.

கோடுடைய போசம் நியூகினியிலும் வடக்கு குவீன்ஸ்லாந்திலும் வாழ்கிறது. மரப்பட்டைக்குள்ளிருந்து புழுவைத் தோண்டியெடுக்க அதன் முன்கையின் நான்காம் விரல் மற்றவற்றைவிட நீண்டிருக்கும். சேலைக் கரையில் சிறிய அளவில் நெய்யும்போது அந்த விரல் ஒரே ஒரு கட்டத்தில் அடங்கிவிடும். தறிக்கான அட்டையில் துளை குத்தும்போது அந்த ஒன்று விட்டுப்போனால், தறியிலிருந்து வருவது கோடு போட்ட அணில்தான். அட்டை குத்துபவரிடம் அந்தக் கட்டத்தைத் தனியாகச் சுட்டிக் காட்டிவிட வேண்டும்.