பிள்ளை முதல் லபோர்த் வரை: புதுச்சேரியில் குடும்பப்பெயர்த் தேர்வு

ஆங்கிலப் பெயர்மரபில் குடும்பப்பெயர் இடுபெயராதல் இயல்பு. வில்லியம் என்பதன் குறுக்கமான 'வில்' என்பவரின் மகனைச் சுட்டிய வில்சன், குடும்பப்பெயராக நிலைத்துப் பின்னர்த் தமிழ்க் கிறித்தவரிடையே பிள்ளைக்கு இடும் பெயராயிற்று. புதுச்சேரியிலோ குடும்பப்பெயரே இல்லாதோர் அதனைத் தேர்ந்துகொள்ளும் நிலை அரசாணையால் உருவாயிற்று.

1881 செப்டம்பர் 21ஆம் நாளைய ஆணை, பிரெஞ்சிந்தியர் தம் சமய, சாதி வழக்குச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சு உரிமையியல் சட்டத்தை ஏற்க வழிவகுத்தது. துறப்போர் தமக்கும் தம் வழித்தோன்றல்களுக்கும் உரிய குடும்பப்பெயரைத் துறப்புப் பத்திரத்திலேயே குறித்தல் வேண்டும். தந்தை பெயர் தலைமுறைதோறும் மாறி முன்னிற்க, சாதிப்பட்டம் மாறாது பின்னிற்கும் தமிழ்ப் பெயரமைப்பிற்கு இஃது முற்றிலும் புதிது.

வழக்கறிஞர் பொன்னுத்தம்பி பிள்ளை இவ்வாறு தேர்ந்த பெயர் லபோர்த். 'வாயில்' எனப் பொருள்படும் இச்சொல் பிரான்சில் வாயிலருகே குடியிருந்தோரைச் சுட்டிய இடவழிப் பெயர். புதுச்சேரியில் அப்பொருள் பொருந்தாது. ஐரோப்பியக் காலணியுடன் நீதிமன்றம் புகுந்ததற்காக 1873இல் தடுக்கப்பட்டு, பாரிசு வரை முறையிட்டு வென்றவர் அவர். அத்தகையவர் 'வாயில்' என்னும் பெயரைத் தேர்ந்ததைத் தற்செயல் எனல் அரிது. பெயரின் பொருளினும் அதன் இடம் கருதத்தக்கது: 'பிள்ளை' நின்ற இடத்திலேயே 'லபோர்த்' வந்து நிற்கிறது. சாதிப்பட்டம் நீங்கியது, இடுபெயர் தமிழாகவே எஞ்சியது. அதுவும் ரோமன் எழுத்தில், உகரத்தை ஈரெழுத்தால் குறிக்கும் பிரெஞ்சு முறைக்கு உட்பட்டது. இம்முறை புதுச்சேரிப் பெயர்களில் இன்றும் காணப்படுவது.

ஆகவே, முந்தைய ஆவணத்தில் பிள்ளையாகவும் பிந்தையதில் லபோர்த்தாகவும் வருபவர் ஒருவரே என்பதற்குத் துறப்புப் பத்திரமே நேர்ச்சான்றாகும்.