ஒரு நெல்மணியின் உள்ளே

குதிரின் மூடியைத் திறந்தவுடன் சிறு பூச்சிகள் சில படபடத்து எழுமாயின், வீட்டுப் பெரியோரின் முகம் வாடும். "அந்து விழுந்துவிட்டது" என்பர். சேமித்த நெல்லைக் கெடுக்கும் இச்சிறு பூச்சிக்கு வழங்கிய பெயரே அந்து. இன்றோ இரவில் பறக்கும் எண்ணற்ற பூச்சியினங்களையும் அந்துப்பூச்சி என்றே பொதுவாகக் குறிக்கிறோம். களஞ்சியத்துச் சிற்றினம் ஒன்று தன் பெயரைப் பெருங்குலத்துக்கே ஈந்துவிட்டது!

சிறகை மடித்து அமர்ந்திருக்கையில் இது ஏறத்தாழ ஒரு நெல்மணியின் நீளமே இருக்கும். முன்சிறகுகள் வைக்கோல் நிறத்தவை. சாம்பல் நிறப் பின்சிறகுகள் நுனியில் விரல்போலக் கூர்ந்து, ஓரங்களில் நீண்ட மயிர்க்குஞ்சம் உடையவை. நெற்குவியலின்மீது அசையாதிருந்தால் கண்ணுக்குப் புலப்படுவது அரிது.

ஆனால், பறக்கும் இப்பூச்சி நெல்லைத் தின்பதில்லை. ஏறத்தாழ ஒரு வாரமே வாழ்ந்து, முட்டையிட்டு மடிகிறது. அழிவு முழுவதும் அதற்கு முன்பே, நம் கண்ணுக்கு எட்டாத இடத்தில் நடந்து முடிந்திருக்கும்.

பெண்பூச்சி தானியத்தின் மேல் இடும் முட்டைகள் முதலில் வெண்மையாக இருந்து, சில நாள்களில் செந்நிறம் பெறும். அவற்றிலிருந்து வெளிவரும் புழு ஒரு மில்லிமீட்டர் நீளமேனும் இராது. அது உமியின் இரு செதில்களுக்கு இடையே உள்ள இடுக்கை நாடிச் செல்லும். செதில்கள் இறுக மூடிய நெல்லில் நுழைவது அதற்குக் கடினம். வெடிப்புற்ற நெல்லோ வாயிலைத் திறந்து வைத்த வீடு. நுழைந்த மணியே அதற்கு உணவும் உறைவிடமும் ஆகிறது. இரண்டு மூன்று வாரங்கள் உள்ளிருந்து அரிசியைத் தின்று வளர்ந்தபின், கூட்டுப்புழுவாகும் முன் அது செய்யும் வேலை வியப்புக்குரியது. மணியின் மேல்தோலை முற்றும் துளைக்காமல், மெல்லிய வட்டச் சாளரம்போல் விட்டுவைக்கிறது. சிறகு முளைத்த பூச்சிக்குத் தடித்த உமியைக் கடிக்கும் வாய் இல்லை. அது இச்சாளரத்தைத் தள்ளித் திறந்து வெளியேறுகிறது. வெப்பமான சூழலில் இவ்வாழ்க்கை ஐந்து வாரங்களுக்குள் நிறைவுறும்.

பிரான்சு நாட்டின் அங்குமுவா மாநிலத்தில் 18ஆம் நூற்றாண்டில் இப்பூச்சி கோதுமையைப் பாழாக்கியது. அங்குச் சென்று ஆராய்ந்த துயமெல், தில்லே என்னும் அறிஞர் இருவர் 1762இல் அதன் வரலாற்றை நூலாக வெளியிட்டனர். ஆங்கிலத்தில் இன்றும் அம்மாநிலத்தின் பெயராலேயே இப்பூச்சி அழைக்கப்படுகிறது.

மென்மையான உடலுடைய இப்பூச்சியால் நெற்குவியலின் ஆழத்துக்குள் செல்ல இயலாது. பாதிப்பு பெரும்பாலும் மேல்மட்டத்திலேயே நிகழும். குதிரில் நெல்லைக் கொட்டியபின் நொச்சியையும் வேம்பையும் பரப்பி, மூடியைச் சாணமிட்டு மெழுகிய உழவர், பூச்சி புகும் வழியையே அடைத்தனர். எனினும் களத்தில் நன்கு காயாத நெல்லுக்கு இக்காவல் போதாது. கதிர் வயலில் நிற்கும்போதே முட்டையிடவும் இப்பூச்சி வல்லது. அவ்வாறாயின் பகைவன் குதிருக்குள் நெல்லுடனேயே வந்துசேர்கிறான்.

உண்ணும் நெல் கெட்டால் அளவு குறையும். விதைநெல் கெட்டாலோ அடுத்த பருவத்தில் நாற்றங்கால் வெறுமையாகும். வெளித்தோற்றத்தில் உமி முழுமையாகவே இருப்பதால், கண்ணால் மட்டும் பார்த்துப் பிரிப்பது எளிதன்று. அதனால்தான் விதைப்புக்கு முன் நெல்லை உப்புக் கரைசலில் இடுகின்றனர். முற்றிய மணிகள் அடியில் தங்கும். பதரோடு சேர்ந்து, அந்து குடைந்த மணிகளும் மேலே மிதந்து வரும்.