பாதிப் பணத்துக்குப் பைசல்: எழுதிக் கொடுத்தது எப்போது செல்லும்?

ஐந்து லட்சம் ரூபாய் கடனுக்கு மூன்று லட்சத்தை வாங்கிக்கொண்டு, "முழுக் கணக்கும் பைசல்" என்று எழுதிக் கொடுத்தவர், மீதி இரண்டு லட்சத்தைக் கேட்டுப் பின்னர் வழக்குப் போட இந்தியச் சட்டத்தில் இடமில்லை. இங்கிலாந்தில் உண்டு. ஒரு வாக்குறுதிக்கு ஈடாக மற்றவரும் ஏதாவது தர வேண்டும், அதுதான் மறுபயன் என்பது அங்கே அடிப்படை. ஏற்கெனவே கொடுக்க வேண்டிய கடனில் ஒரு பகுதியைக் கொடுப்பது புதிய மறுபயன் ஆகாது. 1884இல் ஃபோக்ஸ் எதிர் பீர் வழக்கில், தவணை முறையில் அசல் முழுவதையும் கட்டி முடித்த கடனாளி, "இனி நடவடிக்கை எடுக்க மாட்டேன்" என்று கடன் கொடுத்தவர் கையெழுத்திட்டிருந்தும் வட்டி கொடுக்க வேண்டியதாயிற்று.

1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம் இந்த வழியில் போகவில்லை. அதன் 63ஆம் பிரிவுப்படி, தனக்கு வர வேண்டியதை முழுவதுமாகவோ பகுதியாகவோ ஒருவர் விட்டுக்கொடுக்கலாம். அதற்கு மறுபயன் தேவையில்லை. 5,000 ரூபாய்க் கடனுக்கு 2,000 ரூபாயை முழுத் தீர்வாக ஏற்றுக்கொண்டால் கடன் முடிந்தது என்பது சட்டமே தரும் உதாரணம். பேரார் இளவரசருக்கு நகை விற்றவர்கள் தொடுத்த வழக்கில் (கபூர்சந்த் கோதா, 1962) உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது. சுமார் 27 லட்சத்துக்கு 20 லட்சத்தை முழுத் தீர்வாக வாங்கிய பிறகு, மீதியைக் கேட்க முடியவில்லை.

ஆகவே, கர்நாடக எல்லையோரத்துத் தேன்கனிக்கோட்டை, ஓசூர் பக்கத்தில் பைசல்கள் நீதிமன்றத்தில் ஆட்டம் காண்பது மறுபயன் இல்லாததால் அல்ல, காகிதம் சரியில்லாததால். இங்கே தெலுங்கும் கன்னடமும் பேசும் குடும்பங்கள் ஏராளம். முத்திரைத்தாளில் ஒப்பந்தம் தமிழில் எழுதப்படும். கையெழுத்து தெலுங்கில் விழும், அல்லது கைநாட்டாக இருக்கும். பிறகு, "என்ன எழுதியிருந்தது என்று யாரும் சொல்லவில்லை" என்ற எதிர்வாதம் வரும். இன்னாருக்கு இன்ன மொழியில் படித்துக் காட்டி, புரிந்துகொண்டு கையெழுத்திட்டார் என்று ஒரு வரி, படித்துக் காட்டியவரின் சாட்சிக் கையெழுத்தோடு இருந்தால் அந்த வாதம் பெரும்பாலும் எடுபடாது.

பணம் வங்கி வழியாகப் போவது நல்லது. புரோநோட்டைத் திரும்ப வாங்க வேண்டும். முடியாவிட்டால் அதன் பின்பக்கத்திலேயே "முழுத் தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்" என்று தேதியோடு எழுதி வாங்க வேண்டும். அடமானமாகக் கொடுத்த வெற்றுக் காசோலைகளும் அப்படியே. பைசல் முடிந்த கடனுக்கு அந்தக் காசோலை வங்கிக்குப் போவதும், மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவில் நோட்டீஸ் வருவதும் அபூர்வமல்ல.

தவணையில் தீர்ப்பதானால் சிக்கல் கூடுகிறது. வெறுமனே "மூன்று லட்சம், ஆறு தவணை" என்று எழுதினால், பழைய கடன் போய்ப் புது ஒப்பந்தம் வந்துவிட்டது என்று 62ஆம் பிரிவைக் காட்டிக் கடனாளி வாதாடலாம். தவணை தவறினாலும் கேட்கக்கூடியது மூன்று லட்சம்தான் என்றாகும். ஐந்து லட்சம் கடன் இருப்பதைக் கடனாளி முதலில் ஒப்புக்கொள்வதும், உரிய தேதிகளில் கட்டினால் மட்டுமே தள்ளுபடி உண்டு என்பதும், தவறினால் கட்டியது போக மீதி முழுக் கடனும் உயிர்பெறும் என்பதும் எழுத்தில் இருக்க வேண்டும். ஒப்புக்கொண்ட கடனில் தந்த சலுகையைத் திரும்பப் பெறுவதை நீதிமன்றங்கள் அபராதமாகப் பார்ப்பதில்லை.

காசோலை வழக்கு நடக்கும்போதே சமரசம் ஆனால் நிலைமை வேறு. சென்னையிலிருந்து போன ஜிம்பெக்ஸ் வழக்கில் 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம், சமரச ஒப்பந்தம் ஏற்பட்ட பின் பழைய புகாரையும், சமரசப்படி தந்த புதிய காசோலை திரும்பியதற்கான புகாரையும் இணையாக நடத்த முடியாது என்றது. பழைய புகார் ஒப்பந்தத்துக்குள் அடங்கிவிடும்.

காலாவதி இரண்டு பக்கமும் வெட்டும். சாதாரணக் கைமாற்றுக்கும் கேட்டவுடன் திருப்பித் தரும் புரோநோட்டுக்கும் கெடு மூன்று ஆண்டு. கெடுவுக்குள் கடனை ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டால் கணக்கு மறுபடி முதலிலிருந்து ஓடும். கெடு முடிந்த பின்னும், "தருகிறேன்" என்று எழுதிக் கையெழுத்திட்டால் ஒப்பந்தச் சட்டத்தின் 25(3)ஆம் பிரிவுப்படி அது செல்லும், மறுபயன் தேவையில்லை. செத்த கடனுக்குப் பைசல் பேசப் போய் அதை உயிர்ப்பித்துவிட்டு வருபவர்கள் உண்டு.

மிரட்டி வாங்கிய பைசலை, மிரட்டப்பட்டவர் ரத்து செய்யலாம். காவல் நிலைய வாசலில் எழுதப்படும் காகிதங்கள் பலவும் இந்தக் கேள்வியில்தான் மாட்டுகின்றன. ஓசூரில் ஜாப் ஒர்க் செய்யும் சிறு பட்டறைகளின் சங்கடம் வேறு. பெரிய நிறுவனம், "பாக்கி ஏதுமில்லை" என்று எழுதித் தந்தால்தான் காசோலை என்னும். போகாரா பாலிஃபேப் வழக்கில் (2008) அழுத்தத்தில் தரப்பட்ட முழுத் தீர்வு ரசீது கட்டுப்படுத்தாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அழுத்தத்தை நிரூபிப்பது பட்டறைக்காரர் பொறுப்பு. அன்றே ஓர் ஆட்சேபக் கடிதம் அனுப்பாதவருக்கு அது கடினம்.

வங்கிக் கடனில் ஒரே தவணைத் தீர்வைக் கடனாளி உரிமையாகக் கேட்க முடியாது (பிஜ்னோர் கூட்டுறவு வங்கி வழக்கு, 2021).

இவை எல்லாவற்றையும்விட உறுதியானது மக்கள் நீதிமன்றத்தில் செய்யும் பைசல். தேன்கனிக்கோட்டை நீதிமன்றத்திலும் அமர்வு நடக்கிறது. வழக்குப் போடாத தகராறையும் கொண்டுபோகலாம். 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டப்படி அந்த ஆணை உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம்; மேல்முறையீடு இல்லை. நிலுவை வழக்கானால் கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். கடனாளியின் சொத்து எல்லைக்கு அப்பால் ஆனேக்கலில் இருந்தால், தீர்ப்பாணையை அங்குள்ள நீதிமன்றத்துக்கு மாற்றி அனுப்பச் செய்து நிறைவேற்றலாம். அதற்குக் கெடு 12 ஆண்டு.