பிராட் தெருப் பம்பும் சில பழங்கதைகளும்

நம்பிக்கை: எண்ணிக்கை இருந்தால்தான் ஆய்வு. நாலு பேரிடம் பேசிவிட்டு எழுதுவது வெறும் கதை.

உண்மை: பொதுச் சுகாதாரத்தில் அளவுசார் ஆய்வின் முன்னோடி என்று எல்லாரும் கைகாட்டும் ஜான் ஸ்னோவே இதை ஏற்றிருக்கமாட்டார். 1854 செப்டம்பர் தொடக்கத்தில் லண்டன் பிராட் தெருப் பக்கம் காலரா கொத்துக்கொத்தாக ஆட்களைக் கொண்டுபோனது. பதிவாளர் அலுவலகத்தில் 83 சாவுகளின் பட்டியலை ஸ்னோ வாங்கினார். பெரும்பாலானவை பிராட் தெருப் பம்பைச் சுற்றியே நடந்திருந்தன. ஆனால் 10 பேரின் வீடு வேறு பம்புகளுக்குத்தான் பக்கம். பட்டியலோடு நின்றிருந்தால், பம்புத் தண்ணீரே நோயைப் பரப்புகிறது என்ற அவர் கருத்துக்கு அந்தப் பத்தும் எதிர்ச்சாட்சி. வீடு தேடிப்போய் விசாரித்தார். ஐந்து குடும்பங்கள் எப்போதும் பிராட் தெருவுக்கே ஆளனுப்பித் தண்ணீர் எடுத்தவை. இன்னும் மூவர் அந்தப் பம்புக்குப் பக்கத்துப் பள்ளிக்குப் போன பிள்ளைகள். இந்தப் பத்துக்கு வெளியே, மைல்கள் தள்ளி ஹாம்ஸ்டெட்டில் இறந்த ஒரு விதவையோ, அந்தத் தண்ணீரின் ருசி பிடித்துப்போய்த் தினமும் வண்டியில் ஒரு பாட்டில் வரவழைத்துக் குடித்தவர். நாக்கு ருசிக்கு எந்தப் பதிவேட்டில் கட்டம் போட்டிருக்கிறார்கள்?

நம்பிக்கை: பம்பின் கைப்பிடியைக் கழற்றியதும் காலரா நின்றது.

உண்மை: செப்டம்பர் 8 அன்று கழற்றுவதற்கு முன்பே சாவு இறங்குமுகம், பலர் ஊரைவிட்டே ஓடியிருந்தார்கள். ஸ்னோவே இதை எழுதிவைத்திருக்கிறார். நம் மேடைப் பேச்சாளர்கள்தான் படிப்பதில்லை.

நம்பிக்கை: பேசிக் கேட்பதெல்லாம் ஆரம்பகட்ட வேலை, எண் கைக்கு வந்துவிட்டால் அது தேவையில்லை.

உண்மை: அந்தப் பகுதிப் பாதிரியார் ஹென்றி வைட்ஹெட் முதலில் ஸ்னோவை நம்பவில்லை. அவர் சொன்னது தப்பென்று காட்டத்தான் கிளம்பினார். தெரிந்த முகம் என்பதால் ஒரே வீட்டுக்குத் திரும்பத் திரும்பப் போக முடிந்தது. ஸ்னோ பெரும்பாலும் இறந்தவர்களைப் பற்றியே விசாரித்திருந்தார். வைட்ஹெட் நோய் அண்டாதவர்களிடமும் உட்கார்ந்து பேசினார். அந்தப் பேச்சிலிருந்துதான் ஸ்னோவிடம் இல்லாத ஒப்பீடு பிறந்தது: பம்புத் தண்ணீர் குடித்த 137 பேரில் 80 பேருக்கு நோய், குடிக்காத 297 பேரில் 20 பேருக்கு.

தண்ணீர் எப்படிக் கெட்டது என்பதும் அவர் வழியாகவே தெரிந்தது. பம்பை ஒட்டிய 40-ஆம் எண் வீட்டில் செப்டம்பர் 2 அன்று ஐந்து மாதக் குழந்தை இறந்ததாகப் பதிவேட்டில் பார்த்தார். காரணம் வயிற்றுப்போக்கு என்றிருந்ததால் காலராக் கணக்கில் அது சேரவில்லை. தாயிடம் போய்க் கேட்டார். குழந்தையின் துணி அலசிய தண்ணீரை வீட்டு முன்னால் இருந்த மலக்குழியில் ஊற்றியதாக அவள் சொன்னாள். பிறகு தோண்டிப் பார்த்தார்கள்: குழிக்கும் பம்பின் கிணற்றுக்கும் இடையே மூன்றடிகூட இல்லை.